சட்டப்படி சுத்தமான எண்ணெய்

நான் சிவப்பு விளக்கில் வீதியைக் கடக்காதவன். மொன்றியலில் இப்படி ஓர் ஆளைக் கண்டுபிடிப்பது கஷ்டம். பனி கொட்டினாலும், கண்ணுக்கெட்டிய தூரத்தில் ஒரு வாகனமும் இல்லாவிட்டாலும், பச்சை விழும்வரை ஓரத்தில் நிற்பேன். பின்னால் வருகிறவர்கள் என்னை விலக்கிக்கொண்டு போவார்கள், சிலர் சிரிப்பார்கள். அகதியாக வந்து இறங்கியவனை ஏற்று, கடை வைத்துப் பிழைக்கவும் விட்ட நாடு இது. அதன் விளக்குக்குக்கூட மரியாதை கொடுக்காவிட்டால் உண்ட வீட்டுக்கு இரண்டகம் அல்லவா? சட்டத்தை மீறினாயா என்று நீங்கள் கேட்பதால், பொலிஸ் ஐயா, முதலில் இதைச் சொல்லவேண்டியிருக்கிறது. ஜெயனி பிள்ளை, மொழிபெயர்க்க வந்த உங்களுக்கும் புண்ணியம் கிடைக்கும், இதை அவருக்குப் பிரெஞ்சில் ஒரு சொல் விடாமல் சொல்லுங்கள்.

என் பெயர் சிவநேசம். ஜான்-டலோன் சந்தையிலிருந்து நடந்து போகிற தூரத்தில் பலசரக்குக் கடை வைத்திருக்கிறேன். கோயில் நிர்வாக சபையிலும் இருக்கிறேன். நல்ல சம்பந்தம் தெரிந்தால் இரண்டு வீட்டாரையும் பேச வைப்பேன். அதற்குக் கூலி வாங்குவதில்லை, கல்யாணப் பந்தியில் முதல் வரிசையில் இருத்தினால் போதும்.

எண்ணெய் விஷயத்துக்கு வருகிறேன். கஞ்சா இந்த நாட்டில் இப்போது சட்டபூர்வம். ஆனால் கியூபெக்கில் அதை அரசாங்கக் கடை மட்டும்தான் விற்கலாம். அந்தச் செடியில் போதை தராத சரக்கு ஒன்று உண்டு, சிபிடி என்பார்கள். மூட்டுவலிக்கும் தூக்கத்துக்கும் சனம் தேடுவது அந்த எண்ணெயைத்தான். போதை இல்லாவிட்டாலும் சட்டத்தின் கண்ணில் அதுவும் கஞ்சா. மருந்துக்கடைக்காரன் விற்கக்கூடாது, நானும் விற்கக்கூடாது. கஞ்சாவின் இனமான சணலின் விதையை என் கடைத் தட்டில் பக்கற் பக்கற்றாக அடுக்கி வைக்கலாம், ஏன் என்று கேட்க நாதியில்லை. அதே சணலின் பூவிலிருந்து இறக்கிய எண்ணெயை ஒரு சின்னப் போத்தில் விற்றால் நான் குற்றவாளி. பாலத்தைத் தாண்டிப் பக்கத்து மாகாணத்தில் இருக்கிற ஒட்டாவாவுக்குப் போனால் தனியார் கடையிலேயே விற்பார்கள், பத்தொன்பது வயதுப் பிள்ளையும் வாங்கலாம். ஆற்றுக்கு இந்தப் பக்கம் இருபத்தொரு வயது வேண்டும். அந்த ஆற்றுக் காற்றில் என்ன இருக்கிறதோ, கடந்து போகிறவனுக்கு இரண்டு வயதுப் புத்தி கூடிவிடுகிறது. நான் கேலி செய்யவில்லை. அரசாங்கம் காரணமில்லாமல் ஒன்றும் செய்யாது.

எங்கள் சனத்துக்குக் கஞ்சாவில் பயமில்லை, அந்தக் கடை வரிசையில் நிற்கத்தான் பயம். அங்கே ஒரு தமிழ் முகம் நின்றால், அந்த ஆள் வீடு போய்ச் சேருமுன் கதை நகரத்தின் மறுகோடியில் இருக்கிற பியர்பொன்ட்ஸ் போய்ச் சேர்ந்துவிடும். முதலில் என்னிடம் வந்தவர் அல்போன்சம்மா. மன்னார்க்காரி, முழங்கால் இரண்டும் தேய்ந்துபோன மனுசி.

"தம்பி, நான் அந்தக் கடை வாசலிலை நிண்டால் சேர்ச்சுப் பங்குச் சனம் என்ன கதைக்கும்? நீ ஆம்பிளை, உனக்கென்ன. ஒரு போத்தில் வாங்கித் தாவன்."

வாங்கிக் கொடுத்தேன். அரசாங்கப் போத்திலில் எச்சரிக்கை எழுத்தெல்லாம் இருக்கும், வீட்டுக்கு வருகிறவர்கள் கண்டால் வில்லங்கம். ஆகவே பெயரில்லாத வெறும் போத்திலில் ஊற்றிக் கொடுத்தேன். அவருக்கு நடை கொஞ்சம் இலேசானது. அவர் சொல்லி இன்னொருவர், இன்னொருவர் சொல்லி வேறொருவர் என்று கடைக்குச் சனம் வந்தது. எல்லாரும் அரிசி வாங்குகிற சாட்டில் வந்து, குரலைத் தாழ்த்தி, "அண்ணை, அந்த எண்ணெய்" என்பார்கள். ஊருக்கே ஒரு மானம் இருந்தது, அதை நான் சுமந்துகொண்டு வரிசையில் நின்றேன்.

அப்போதுதான் சட்டம் படிக்கிற றொக்சன் ஒருநாள் தேங்காய்ப்பால் வாங்க வந்தவன் சொன்னான். "அங்கிள், நீங்கள் வாங்கலாம், வைச்சிருக்கலாம். திருப்பி வித்தால் அது இல்லீகல். பிடிச்சால் சும்மா விடமாட்டாங்கள்."

எனக்குப் பகீரென்றது. சிவப்பு விளக்கில் காலெடுத்து வைக்காத நான், என்னை அறியாமலே சட்டத்தை மீறிக்கொண்டிருக்கிறேன். அன்று தொடங்கி எனக்குத் தூக்கம் போயிற்று. எண்ணெயை நிறுத்திவிடலாம் என்றால், நம்பி வருகிற சனத்தை வெறுங்கையோடு அனுப்ப மனம் வரவில்லை. பிறகு யோசித்துப் பார்த்தேன். போத்திலுக்குள் கஞ்சா இருப்பதால்தானே குற்றம். இல்லாவிட்டால்?

நல்லெண்ணெயில் கொஞ்சம் வெந்தயமும் ஓமமும் போட்டுக் காய்ச்சி வடித்தால் மருந்துக்குரிய கசப்பு வரும். நிறமும் கிட்டத்தட்ட அதுதான். இப்படி நான் சட்டத்துக்குக் கீழ்ப்படிந்தேன். விலையை மட்டும் குறைக்கவில்லை, குறைத்தால் சனம் சந்தேகப்படும். அரசாங்கக் கடை வரிசையில் நிற்பதையும் விடவில்லை, வாங்குவதையும் விடவில்லை. நான் அங்கே நிற்பதை நாலு பேர் காணவேண்டுமே. அல்போன்சம்மா முன்பைவிட நன்றாக நடக்கிறேன் என்றார். நம்பிக்கைதான் மருந்து, ஐயா. அதை விற்கக்கூடாது என்று ஆற்றுக்கு எந்தப் பக்கமும் சட்டமில்லை.

நீங்கள் கேட்கிற அஜந்தா இந்த நேரத்தில்தான் வந்தார். சென்ட் லோரன்டில் வாடகைக்கு இருப்பவர், கணவர் நெடுந்தூர லொறி ஓட்டுகிறார். ஒரே மகள் நிரோஜா, கார்டெரியில் சின்னப் பிள்ளைகளைப் பார்க்கிற வேலை. அந்தப் பிள்ளைக்குச் சிறுவயது முதல் வலிப்பு. காலையும் மாலையும் குளிசை போட்டால் ஒன்றும் இல்லை, பல வருடமாக ஒருதரமும் வந்ததில்லை. பியர்பொன்ட்ஸில் சொந்த வீடு வைத்திருக்கிற குடும்பத்துப் பெடியன் வசீகரனை அவளுக்குப் பேசிக் கொடுத்தவன் நான்தான். வலிப்பு என்று ஒன்று இருப்பதை மாப்பிள்ளை வீட்டுக்குச் சொல்லவில்லை. சொன்னால் யார் கட்டுவார்கள்?

எங்கள் சனம் பெண் பார்க்க வரும்போது ஒரு வழக்கம் உண்டு, ஐயா. இதை நீங்கள் எந்தப் புத்தகத்திலும் படித்திருக்க மாட்டீர்கள். தேநீர் குடித்து முடிந்ததும் மாப்பிள்ளையின் தாய் கை கழுவ வேண்டும் என்று எழும்புவார். குளியலறைக்குப் போய்க் கதவைச் சாத்துவார். குழாயைத் திறந்து விட்டுவிட்டு, கண்ணாடிக்குப் பின்னால் இருக்கிற மருந்து அலுமாரியைத் திறந்து ஒவ்வொரு போத்திலாக எடுத்துப் பெயர் வாசிப்பார். சாதகம் பார்க்கிறதைவிட இது நம்பகமானது. இரண்டு தரப்புக்கும் இது தெரியும், ஒருவரும் வாய் திறப்பதில்லை. குளிசையை வேறெங்காவது ஒளிக்கலாம் என்பீர்கள். கல்யாணம் முடிந்து ஒரே வீட்டில் இருக்கப்போகிறவள் எத்தனை நாளைக்கு ஒளிப்பாள்? ஆனால் சாமித்தட்டில், விளக்கெண்ணெய்க்குப் பக்கத்தில், இன்னொரு எண்ணெய்ப் போத்தில் நின்றால் யார் கேட்கப்போகிறார்கள்?

அஜந்தா ஏதோ வீடியோ பார்த்திருந்தார். இந்த எண்ணெய் கொடுத்து ஒரு வெள்ளைக்காரப் பிள்ளைக்கு வலிப்பு நின்றதாம்.

"அண்ணை, இதைக் குடுத்தால் குளிசையை விடலாமோ?" என்று கேட்டார்.

"ஓம் தங்கச்சி, விடலாம். ரெண்டையும் சேத்துக் குடுத்தால்தான் உடம்புக்கு ஒத்துக்கொள்ளாது."

"டொக்டரிட்டை ஒருக்கால் கேக்கட்டோ?"

"கேக்கலாம். எங்கை வாங்கினனீங்கள் எண்டு அவர் கேப்பார். பேந்து என்ரை பேரும் வரும், பிள்ளையின்ரை பேரும் வரும். மாப்பிள்ளையின்ரை மச்சாள் ஒருத்தி ஆஸ்பத்திரியிலை வேலை, தெரியுந்தானே?"

அவர் டொக்டரைக் கேட்கவில்லை, குளிசையை நிறுத்தினார். ஒரு தாய்க்கு இருந்த கவலையை நான் இரண்டு வசனத்தில் தீர்த்து வைத்தேன்.

மாப்பிள்ளையின் தாய் வந்தார், கை கழுவப் போனார். தண்ணீர் ஓடுகிற சத்தம் வெகுநேரம் கேட்டது. திரும்பி வந்தபோது முகம் மலர்ந்திருந்தது. அலுமாரிக்குள் பல்பசையும் குங்குமமும் மட்டும்தான் இருந்தனவாம். அன்றைக்கே நாள் குறித்தார்கள். அஜந்தா எனக்கு இன்னொரு தேநீர் ஊற்றித் தந்தார், சேலைத் தலைப்பால் கண்ணைத் துடைத்தார். எனக்கும் கண் கலங்கியது, அதை மறைக்கப்போவதில்லை.

சில கிழமைக்குப் பிறகு நிரோஜா தனியாகக் கடைக்கு வந்தாள். கறிவேப்பிலை எடுத்தாள், அதை வைத்துவிட்டு வேறொரு கட்டு எடுத்தாள். வாங்க வந்தவளில்லை என்று எனக்கு விளங்கிவிட்டது.

"மாமா, ஒண்டு கேக்கட்டோ? காலமை கார்டெரியிலை ஒரு பிள்ளையைத் தூக்கி வைச்சிருந்தனான். கை தன்ரை பாட்டிலை விட்டுட்டுது. பிள்ளை மெத்தையிலைதான் விழுந்தது, ஒண்டுமில்லை. ஆனா எனக்குப் பயமாக் கிடக்கு. நான் திரும்பக் குளிசையைப் போடட்டோ?"

அவள் முகத்தைப் பார்த்தேன். அந்தக் குழந்தைக்கு என்ன ஆகியிருக்கும் என்பதுதான் அவள் பயம், தனக்கு என்ன ஆகும் என்று அவள் கேட்கவில்லை. நல்ல பிள்ளை. அவளில் எனக்கு உண்மையான பட்சம்.

"துளியைக் கொஞ்சம் கூட்டிப் பாருங்கோ பிள்ளை. இன்னும் கொஞ்ச நாள்தானே. கலியாணம் முடியட்டும், பேந்து பாப்பம்" என்றேன்.

"அம்மாவுக்குச் சொல்லாதேங்கோ, அவ அழுவா" என்றாள். போகும்போது, "மெர்சி மாமா" என்று பிரெஞ்சில் நன்றி சொல்லிச் சிரித்தாள். கறிவேப்பிலைக்குக் காசு வாங்கவில்லை.

அந்த இடத்தில் உண்மையைச் சொல்லியிருக்கலாமே என்று இந்த ஐயா கேட்கிறார். என்னவென்று சொல்வது? அது வெறும் நல்லெண்ணெய் என்றா? அவள் குளிசையைப் போட்டிருப்பாள், சரி. பிறகு அஜந்தா கேட்பார், அல்போன்சம்மா கேட்பார். எத்தனை பேருடைய முழங்காலும் தூக்கமும் ஒரே நாளில் கெட்டுப்போகும். பேசிச் செய்த சம்பந்தம் குழம்பும். கோயில் சபையில் என் கதிரையில் வேறு யாராவது இருப்பார்கள். ஒரு பிள்ளையின் கை ஒருதரம் விட்டதற்காக ஊரின் நிம்மதியைக் கெடுக்க எனக்கு மனம் வரவில்லை.

விளைவு தெரியாமல் செய்தவர் என்று எனக்காக இரங்கிச் சொல்லிவிடாதீர்கள், ஜெயனி பிள்ளை. அது பொய்யாகிவிடும். என் தம்பிக்கும் வலிப்பு இருந்தது. யுத்தத்தில் பாதை பூட்டியபோது யாழ்ப்பாணத்துக்கு மருந்து வரவில்லை. குளிசை நின்றால் முதலில் கை விடும், பிறகு பேச்சு நடுவில் நிற்கும், அதற்குப் பிறகு வருவது என்ன என்பதைப் பக்கத்தில் இருந்து பார்த்தவன் நான். அவன் தலையை மடியில் வைத்திருந்தவனும் நான்தான். மருந்தைத் தடுத்தவர்களை அன்றைக்குச் சபித்தேன். இன்றைக்கும் அவர்களை மன்னிக்கவில்லை. மனிதர்களா அவர்கள்?

நிரோஜா குளிக்கப் போன இடத்தில் விழுந்தாள். தொட்டியில் தண்ணீர் நிரம்பி வழிந்து கதவுக்கு வெளியே வந்த பிறகுதான் அஜந்தா கண்டார். கதவை உடைத்துப் போனபோது எல்லாம் முடிந்திருந்தது. தலைக்கு மேலே அந்த அலுமாரி, அதற்குள் பல்பசையும் குங்குமமும். கூறைச்சேலை எடுத்தாயிற்று, அதைத்தான் போர்த்தினார்கள். செத்தவீட்டில் நான் முன்னுக்கு நின்று எல்லா அலுவலும் பார்த்தேன். அஜந்தா என் கையைப் பிடித்துக்கொண்டு, "எண்ணெய் குடுத்தும் காப்பாத்தேலாமல் போச்சே அண்ணை" என்று அழுதார். விதி என்று சொன்னேன். வேறென்ன சொல்வது?

பிறகு அவர்தான் சாமித்தட்டில் இருந்த போத்திலை உங்களிடம் கொண்டுவந்து தந்திருக்கிறார். அனுமதியில்லாமல் கஞ்சா எண்ணெய் விற்றேன் என்று என்னை இங்கே இருத்தி வைத்தீர்கள். இன்று காலை ஆய்வுகூடத்திலிருந்து பதில் வந்துவிட்டது. போத்திலில் கஞ்சா ஒரு துளியும் இல்லை. அதைத்தான் நானும் முதலிலிருந்தே சொல்லி வருகிறேன். அந்தச் சட்டம் எத்தனை பக்கம் என்று எனக்குத் தெரியாது, ஆனால் அதில் எந்தப் பக்கத்திலும் நல்லெண்ணெய் இல்லை. ஏன் ஜெயனி, நிறுத்திவிட்டீர்கள்? தண்ணீர் குடியுங்கள். குடித்துவிட்டுச் சொல்லுங்கள்.

வேறு குற்றம் ஏதும் எழுதப்போகிறீர்கள் என்றால் எழுதுங்கள், தடுக்கமாட்டேன். குளிசையை நிறுத்தச் சொன்னது நான். திரும்பப் போடவா என்று கேட்டபோது வேண்டாம் என்றதும் நான். எல்லாவற்றுக்கும் கையெழுத்து வைக்கிறேன். சட்டத்தை மீறினேன் என்று மட்டும் எழுதவேண்டாம், அந்தப் பெயரோடு என்னால் வெளியே தலைகாட்ட முடியாது.

இவ்வளவுக்கும் பிறகு இரவில் தூக்கம் வருகிறதா என்று ஐயா கேட்கிறார். நல்ல கேள்வி. வருகிறது. கிழமைக்குக் கிழமை வரிசையில் நின்று வாங்கிய அசல் எண்ணெயை வீணாக்காமல் நானே பாவித்துவந்தேன், படுக்குமுன் நாக்கின் கீழ் சில துளி. நீங்களும் எடுத்துப் பாருங்கள், ஐயா. ஆனால் அரசாங்கக் கடையில் மட்டும் வாங்குங்கள். வெளியில் விற்கிறவர்களை நம்பமுடியாது, கலப்படம் செய்கிறார்கள்.