தேர் மேட்ச்

— சீட்ட இன்னும் பின்னால தள்ளு ஜெரோம். என் தம்பி முட்டிய ஒடச்சது பத்தாதா, மடக்கி வேற உக்கார வெக்கணுமா?

— இதுக்கு மேல தள்ளுனா உன் மடியில வந்துடும்க்கா. பின்சீட்ல நீ கீறியே.

— வரட்டும். ஜான்சன், காலை நல்லா நீட்டு. அந்த தலகாணிய கீழ வச்சுக்கோ.

— நீட்டிக்கினுதான் கீறேன்க்கா. வுடு. மச்சான், வண்டிய எடு. டாக்டரு ஜன்னல்லேர்ந்து பாக்கறாரு.

— பாக்கட்டும். திருவேங்கடம் டாக்டர் என்ன சொன்னார்னு உன் கேப்டன் காதுல விழுந்துதா இல்லயா, எனக்கு அது தெரியணும். ஜெரோம், உன்னத்தான் கேக்கறேன். விழுந்துதா?

— வியிந்துதுக்கா. ஆபரேசன்னாரு.

— ஆபரேசன் பண்ணாலும் பழையபடி ஓடுவான்னு சொல்ல முடியாதுன்னார். அத வுட்டுட்டியே. அடுத்த வாரம் கேம்ப்புக்கு ரயில் ஏற வேண்டிய புள்ள. கிளப்புல புது கான்ட்ராக்ட் ரெடி பண்றாங்கன்னு சொல்லிக்கிட்டு இருந்த புள்ள. செங்கல்பட்டு ஸ்கேன் சென்டர்ல கவுனு மாட்டிக்கிட்டு மிஷினுக்குள்ள படுத்திருக்கான். எதுக்கு? தேரு தூக்க.

— அக்கா, நான் ஒண்ணு சொல்லட்டா?

— சொல்லாத. ரோட்டப் பாத்து ஓட்டு. ஞாயித்துக்கிழமை நான் எங்க இருந்தேன் தெரியுமா? சிறுசேரி ஆபீஸ்ல. லீவு கேட்டேன், குடுக்கல. எவனயோ வேலைய வுட்டு அனுப்பறதுக்கு மெயில் அடிச்சுக்கிட்டு இருக்கேன், போன்ல வீடியோ வருது. மஞ்ச பனியன் போட்டு என் தம்பி நம்ம கல்லு கிரவுண்டுல உருளறான். அத எடுத்தவன் சிரிக்கிறான். அடி பட்டது கூடத் தெரியாம சிரிக்கிறான்.

— அது நம்ம காலனி கார்த்திதான்க்கா. நாம ஜெயிச்சுட்டோம்னு சிரிச்சான்.

— என்ன ஜெயிச்ச?

— இன்னாக்கா இப்டி கேக்கற? நீயும் காலனில பொறந்தவதானே.

— பொறந்தேன். அதனாலதான் கேக்கறேன். மாதா தேர முன்னாடி தூக்கினா என்ன, பின்னாடி நடந்தா என்ன? மாதா வந்து உன்ன கேட்டாங்களா, யாரு தோள்ல உக்காரணும்னு?

— மாதா கேக்கல. ஊர்க்காரனுங்க சொன்னானுங்க. காலனி ஆளுங்க தேருக்குப் பின்னால மெழுவத்தி புடிச்சுகினு வாங்கன்னு. எங்க தாத்தா வந்தாரு, எங்க நைனா வந்தாரு. நானும் சின்னப்புள்ளயா வந்தேன். எதிர்த்துக் கேட்டதுக்கு மண்டைய ஒடச்சானுங்க, போலீசு வந்துச்சு. அப்ப இருந்த பாதரு இன்னா சொன்னாரு? அடிச்சுக்காதீங்க, புட்பால் மேட்ச் ஆடுங்க, எவன் ஜெயிக்கறானோ அவன் முன்னாடி தூக்கட்டும்னாரு. அன்னிலேர்ந்து போன வருசம் வரைக்கும் ஒரு தபா கூட நாம ஜெயிக்கலக்கா. மெட்ராஸ்லேர்ந்து ஆளு எறக்குவானுங்க. பிரியாணி போட்டு, ஷூ வாங்கிக் குடுத்து எறக்குவானுங்க. நம்ம பசங்க கேப் ஓட்டிட்டு, ஹவுஸ்கீப்பிங் முடிச்சுட்டு, தூக்கத்தோட வந்து ஆடுவோம். தோப்போம். மெழுவத்தி புடிப்போம்.

— அதுக்கு என் தம்பிதான் கெடச்சானா?

— நம்மாளு ஒருத்தன் டிவில ஆடறான். அவன வூட்ல உக்கார வச்சுட்டு எவனக் கூப்புடறது?

— பாத்தியா ஜான்சன், பதில் எப்படி வருதுன்னு? இவனுக்கு நீ ஆளு. எனக்கு நீ யாரு? எட்டாங்கிளாஸ்ல உன்ன ஸ்போர்ட்ஸ் ஹாஸ்டல்ல சேக்கறப்ப, உன் பெட்டிய தலையில வச்சு பஸ் ஏத்தினது யாரு?

— நீதான்க்கா.

— செலக்சன்ல ஒருத்தன் உன்ன ஒல்லின்னு திருப்பி அனுப்பினான். இன்னொருத்தன் என்ன சொன்னான்? நடுவுல ஆடறவன் மத்தவங்கள கூப்பிட்டு ஆட வைக்கணும், இந்தப் பையன் வாயே தொறக்கல, இவன நடுவுல போட முடியாதுன்னான். ஞாபகம் இருக்கா? வீட்டுக்கு வந்து சாப்பிடாம படுத்துக்கிட்ட.

— கீது.

— மொட்ட மாடியில நிக்க வச்சு உனக்கு கத்தக் கத்துக் குடுத்தேன். பின்னால ஆளு வந்தா ‘மேன் ஆன்’னு கத்து, ‘டர்ன்’னு கத்து, ‘டைம்’னு கத்துன்னு. எதிர்வீட்டு அன்னபூரணி அக்கா பயந்துபோய் வெளக்குமாத்தோட வந்தாங்க. நான் பந்து ஆடி இருக்கேனா? ஒரு நாள் கூட இல்ல. யூடியூப்ல பாத்து கத்துக்கிட்டு வந்து உனக்கு சொன்னேன். அப்புறம் அகாடமி. அப்புறம் ரெண்டாவது டிவிஷன் டீமு. அங்க ஒரு சீசன் முழுக்க பெஞ்சுல உக்கார வச்சானுங்க. போன்ல அழுவ. அழுதுட்டு, அழலன்னு சொல்லுவ.

— அக்கா, ஜெரோம் எதிர்ல வேணாம்.

— இருக்கட்டும், தெரியட்டும். அப்புறம்தான் இந்த கிளப்பு. கான்ட்ராக்ட வரி வரியா படிச்சது நான். ஊர்ல, தெருவுல, வேற எந்த மேட்சும் ஆடக்கூடாதுன்னு எழுதியிருந்துச்சு. அத உனக்கு மூணு தடவ படிச்சுக் காட்டுனேன். தலைய தலைய ஆட்டுன. ஆட்டிட்டு, கேப்டன் வந்து கூப்பிட்டதும் பனியன மாட்டிக்கிட்டு எறங்கிட்ட.

— ஜெரோம் கூப்புடலக்கா.

— மச்சான், நீ கம்னு இரு. அக்கா திட்டட்டும். என்னத்தானே திட்டுது.

— திட்டுவேன். ஏ, மெதுவா ஏத்துடா. அங்க ஸ்பீடு பிரேக்கர் இருக்குன்னு தெரியாதா? ஜான்சன், வலிக்குதா?

— இல்லக்கா.

— பொய் சொல்லாத, மூஞ்சி போற போக்கப் பாரு. இந்த திருப்போரூர் ரோடு முழுக்க இப்படித்தான். ஜெரோம், ஒரு வார்த்த கேக்கறேன். இவனுக்கு அடிபட்ட ராத்திரி, தேரு சுத்தி முடிச்சதும், உங்காளுங்க எத்தன பேரு வீட்டுக்கு வந்து பாத்தீங்க?

— எல்லாரும் வந்தாங்கக்கா. வாசல்ல பட்டாசு வெடிச்சு, மால போட்டு...

— மால. நடக்க முடியாதவனுக்கு மால.

— உங்க நைனாவ நீ பாத்திருக்கணும்க்கா. ஏசுதாஸ் மாமா தேரோட முன்கொம்புல தோள் குடுத்தாரு. தேரு சுத்தி முடிக்கற வரைக்கும் மாத்தவே வுடல. வேற ஆளுக்குக் குடுங்க மாமான்னா, கைய தட்டி வுடறாரு. கண்ணுல தண்ணி கொட்டுது, தொடைக்கக்கூட கைய எடுக்கல.

— பாத்தேன், அதுவும் வீடியோல வந்துச்சு. அப்பா தோளுக்குத் தேர் வந்துச்சு, தம்பி காலு போச்சு. நாவலூர்ல அந்த அபார்ட்மென்ட் கேட்டுல வாட்ச்மேனா நின்னுக்கிட்டு, கார்ல போறவங்க எல்லாருக்கும் இவன் போட்டோவ காட்டுவாரு. என் பையன் புரொபசனல் பிளேயர்ம்பாரு. கண்ணாடிய எறக்கிப் பாத்துட்டு சூப்பர்ம்பாங்க. நாளைக்கு என்னத்தக் காட்டுவாரு? முட்டிக்குள்ள எடுத்த படத்தயா?

— உன்ன ஆபீஸ்ல எவனும் பின்னால போய் நில்லுன்னு சொல்றதில்லக்கா. அதான் உனக்கு இது பெருசாத் தெரியல.

— சொல்றதில்லயா? உனக்குத் தெரியுமா? எந்த ஊரு, எந்த ஸ்ட்ரீட்டு, உங்க சர்ச்சு எதுன்னு நைசா கேப்பாங்க. கேட்டுட்டு சிரிப்பாங்க. அதுக்கப்புறம் டிபன் பாக்ஸ் கொஞ்சம் தள்ளிப் போவும். அவங்க எதிர்லதான் நான் நிமுந்து நிக்கறேன், எந்தத் தேரும் தூக்காம. இவனும் அப்படி நிப்பான்னு இருந்தேன். டிவில இவன் பேரு வந்துச்சு பாரு, அப்ப ஆபீஸ்ல எல்லாரையும் கூப்பிட்டுக் காட்டுனேன். அன்னிக்கு ஒருத்தியும் எந்த ஸ்ட்ரீட்டுன்னு கேக்கல. அத நீங்க ஒடச்சிட்டீங்கடா. பாவிங்களா, நம்ம கையாலயே ஒடச்சிட்டீங்க.

— அழாதக்கா.

— யாரு அழுவறா? நான் அழுவல. தண்ணி பாட்டில குடு. ஜான்சன், இப்ப நடக்க வேண்டியதப் பாக்கலாம். கிளப்புக்கு விஷயம் போறதுக்கு முன்னாடி நாம சொல்லணும். உன் மேனேஜர் பேரு என்ன, கிரிஷா? அவருக்கு நான் போன் பண்றேன். பாத்ரூம்ல வழுக்கி விழுந்துட்டான்னு சொல்றேன். மேட்சு கீட்சுன்னு நீ வாயத் தொறக்காத. கார்த்திகிட்ட சொல்லி அந்த வீடியோவ எல்லா எடத்துலேர்ந்தும் எடுக்கச் சொல்லு ஜெரோம்.

— போன் வேணாம்க்கா.

— ஏன் வேணாம்? ஆபரேசன் கிளப்பு டாக்டர்கிட்டயே பண்ணிக்கலாம். கான்ட்ராக்ட்ல அது இருக்கு, நான் படிச்சிருக்கேன்.

— வேணாம்னா வுடேன்.

— அவரு நம்பர் என்கிட்டயே இருக்கு. இரு.

— மச்சான், சொல்லிடுடா. எத்தினி நாளு நானும் வாங்கிக் கட்டிக்கறது?

— என்ன சொல்லணும்? ஜெரோம், என்னத்த மறைக்கிறீங்க ரெண்டு பேரும்?

— அக்கா, அவரு போன எடுக்க மாட்டாரு. நானே நாலஞ்சு தடவ பண்ணிட்டேன். கிளப்புல என்ன வுட்டுட்டாங்க.

— எப்ப? வீடியோ அதுக்குள்ள அங்க போயிடுச்சா?

— இல்லக்கா. பண்டிகைக்கு முன்னாடியே. லீவுல வந்தேன்னு சொன்னேன் இல்ல, அப்பவே. ரூம காலி பண்ண வச்சு அனுப்பிட்டாங்க.

— டேய். கேம்ப்புக்கு டிக்கெட்டு போட்டு வச்சிருக்கியே. எனக்குக் காட்டுனியே.

— நானே போட்டது. நீங்க எல்லாம் கேப்பீங்கன்னு.

— ரயில் ஏறி எங்க போயிருப்ப?

— தெரியலக்கா. எறங்கனதும் யோசிக்கலாம்னு இருந்தேன். நைனா கேட்டுல போட்டோ காட்டறாரே, எப்டி சொல்றது?

— என்கிட்ட சொல்லி இருக்கலாம் இல்ல? பெஞ்சுல உக்காந்ததுக்கே போன் பண்ணி அழுதவன் நீ. ஜெரோம், இது உனக்குத் தெரியும். தெரிஞ்சுக்கிட்டே செங்கல்பட்டுலேர்ந்து இவ்ளோ நேரம் திட்டு வாங்கிக்கிட்டு வந்தியா?

— சொல்லாதன்னு மாதா மேல சத்தியம் வாங்கிட்டான்க்கா. நான் இன்னா பண்ணுவேன், ஒரே பேஜாரு. மேட்சுக்கு முன்னாடி கோயிலுக்குப் பின்னால உக்காந்து முட்டில துணி சுத்திகினு இருந்தான். வீங்கிக் கெடக்குது, இளநி கணக்கா. நான் வேணாம்னேன்க்கா. வூட்டுக்குப் போடான்னு கைய புடிச்சு இழுத்தேன். என்ன தள்ளி வுட்டுட்டு கிரவுண்டுக்கு ஓடிட்டான். ஓடுனவன் ஆடுன ஆட்டம் இருக்கே, அப்டி ஒரு ஆட்டம் நான் பாத்ததில்லக்கா. கோலு ரெண்டும் வேற பசங்க போட்டானுங்க. ஆனா பந்து பூரா இவன் காலுலேர்ந்துதான் போச்சு. நடுவுல நின்னுகினு எல்லாரையும் பேர் சொல்லிக் கத்தறான். இங்கிலீஷ்ல வேற கத்தறான். பாதி பேருக்குப் புரியல, ஆனா ஓடுனோம்.

— இரு. வீங்கியிருந்துச்சுன்னா? அடிபட்டது மேட்சுல இல்லயா?

— மேட்சுலதான் முழுசா போச்சு. முன்னாடியே பாதி போயிருந்துச்சு போலக்கா.

— அதான் அந்த டாக்டர் எத்தன மாசமா வலின்னு கேட்டார். நான் முந்திக்கிட்டு, ஞாயித்துக்கிழமைலேர்ந்துதான் சார்னேன். அவரு உன்னப் பாத்தாரு. நீ செவுத்துல மாட்டி இருந்த எலும்பு படத்தப் பாத்துக்கிட்டு இருந்த.

— ஆமாக்கா.

— சரி. கிளப்பு ஏன் வுட்டுச்சு? ஆட்டம் சரியில்லன்னா?

— முட்டி போச்சுன்னு. இவ்ளோ பெரிய டீமுக்கு ஒடஞ்ச பையன் வேணாம்னு. வேற ஒரு பையன புடிச்சுட்டாங்க, சின்னப் பையன். அவனுக்கு என் நம்பர் பனியனே குடுத்துட்டாங்க.

— ஒடஞ்ச பையன். அப்படியே சொன்னாங்களா உன்கிட்ட?

— என்கிட்ட சொல்லல. கதவு தொறந்து இருந்துச்சு.

— பாத்தியா, அப்பவும் எனக்கு நம்ம ஆளுங்க மேலதான் கோவம் வருது. சின்ன வயசுலேர்ந்து அந்தக் கல்லுத் தரையில செருப்பு கூட இல்லாம ஆடுன. அங்கதான் ஆரம்பிச்சிருக்கும். மிச்சத்த ஞாயித்துக்கிழமை முடிச்சு வச்சீங்க. கிளப்புல புல்லுத் தரை, டாக்டரு, ஐஸு, எல்லாம் வச்சுப் பாத்துக்கிட்டாங்க. அவங்களா ஒடச்சாங்க? சொல்லு, அவங்களா?

— வலிக்குதுன்னு சொன்னா டீமுலேர்ந்து தூக்கிடுவாங்கன்னு நான் சொல்லல, கேக்கக் கூடாதுன்னு அவங்களும் கேக்கல, ஒவ்வொரு மேட்சுக்கும் முன்னாடி முட்டியில மரத்துப் போக ஊசி போட்டு எறக்குனாங்கக்கா. இந்த வருசம் பூரா ஊசி போடாம நான் ஆடுன ஒரே மேட்சு, நம்ம தேர் மேட்சுதான்.