கிணற்றில் இறக்கிய மைக்

காபிக்குச் சர்க்கரை ஒரு சிட்டிகை போதும் ஐயா. சினிமாவுக்கு மெட்டுப் போடுகிறவன், தொண்டையைப் பார்த்துக்கொள்ள வேண்டும்.

நான் சின்னாளப்பட்டிக்காரன். கிராமத்துப் பாட்டையும் வெள்ளைக்காரன் வாத்தியத்தையும் கலந்ததால்தான் மதராஸில் எனக்குப் பெயர் வந்தது. உறுமிக்குப் பின்னால் பியானோ வாசிக்க வைத்தபோது சிரித்தவர்கள், பிறகு அதையே காப்பியடித்தார்கள். போன வருஷம், அறுபத்திரண்டில், ஒரு படம். கதாநாயகியின் கணவன் சாகிற கட்டம். பதினாறு வயலினுக்கு நடுவே நிஜமான ஒப்பாரிதான் வேண்டும் என்று ஒற்றைக்காலில் நின்றேன்.

பேட்டரி டேப் ரெக்கார்டரோடு எங்கள் ஊருக்குப் பக்கத்து ஆத்தூருக்கு வந்தேன். ஒப்பாரிக்கு மூக்காயியை விட்டால் ஆளில்லை என்றார்கள். அவள் கணவன் சுருளிவேல் கிணறுகளில் தூர் அள்ளுகிறவன். மோர் கொடுத்து உபசரித்தான், நல்ல மனுஷன். மூக்காயிதான் மசியவில்லை.

"எழவு விழாம ஒப்பாரி வைக்க மாட்டேன் சாமி. வச்சா, வச்ச வீட்லயே எழவு விழுந்துரும்."

மூன்று நாள் கெஞ்சினேன். நாலாம் நாள் காலை, சுருளிவேல் இறங்கியிருந்த தோட்டத்துக் கிணற்றின் பக்கச் சுவர் சரிந்தது. அதை நான் செய்யவில்லை.

மேலே நின்ற இரண்டு ஆட்கள் கூப்பிட்டுப் பார்த்தார்கள். பதில் இல்லை. வடம் எடுத்துவர ஊருக்குள் ஓடினார்கள். மூக்காயி வந்து மண்ணில் விழுந்தாள். கூட வந்த பெண்கள் மாரில் அடித்துக்கொள்ள, ஒப்பாரி தானாகக் கிளம்பியது. கிணற்றின் எதிரொலியும் கிடைக்கட்டும் என்று மைக்கை வயரோடு உள்ளே இறக்கினேன். ஹெட்போனை மாட்டியதும் அடியிலிருந்து ஒரு குரல்.

"ஏ புள்ள, நா இருக்கேன். நெஞ்சு வரைக்கும் மண்ணு. மூச்சு முட்டுது."

மேலே அத்தனை அழுகை. எனக்கு மட்டும்தான் கேட்டது. எனக்கும் மூச்சு முட்டியது ஐயா. ஆனால் ஹெட்போனைக் கழற்ற முடியவில்லை.

சொல்லியிருக்கலாம். சொன்னால் ஒப்பாரி நின்றுவிடும். உயிரோடு இருக்கிறவனுக்கு அவள் பாடமாட்டாள். முதல் டேப் ஸ்பூல் முடியட்டும் என்று இருந்தேன். பிறகு இரண்டாவதையும் மாட்டினேன். வடத்தோடு வந்தவர்களிடம், "அவசரப்படாதீங்கப்பு, அடுத்த சுவரும் ஆடுது. அவரு போயிட்டாரு, இனி எறங்கி என்ன?" என்றேன். படித்தவன் சொன்னால் கேட்பார்கள். கீழே சுருளிவேல் நாற்பது நிமிஷம் அவளைக் கூப்பிட்டுக்கொண்டிருந்தான்.

படம் இந்த வருஷம் திண்டுக்கல்லுக்கு வந்தது. வயலினுக்கு அடியில் கேட்ட அந்தக் குரலை மதராஸ் வித்வான்கள் செல்லோ வாத்தியம் என்றே நினைத்தார்கள். கொட்டகையில் மூக்காயி எழுந்து நின்றாளாம். "அது எம் புருசன் கொரலு. என்னைக் கூப்புடுறாரு. உசுரோட இருந்தவருக்கா நா ஒப்பாரி வச்சேன்?" என்று கேட்டாளாம். அங்கிருந்து நேரே உங்கள் போலீஸ் ஸ்டேஷனுக்கு வந்திருக்கிறாள்.

அந்தக் குரலை அழிக்க ஒரு நிமிஷம் ஆகியிருக்காது. மனசு வரவில்லை ஐயா. ஒரு மனுஷனின் கடைசிப் பேச்சை அழிக்கிற அளவுக்கு நான் இரக்கமில்லாதவன் இல்லை.