எட்டாவது ஆளின் இடம்

வரிசையை மீறுகிறவனைக் கண்டாலே எனக்கு ஆகாது, கேப்டன் ஐயா. லீட்ஸ் நகரத்தில் மீன் வறுவல் கடையானாலும் டிராம் வண்டியானாலும், முன்னால் ஒருவன் நின்றால் அவனுக்குப் பின்னால்தான் நான். வளர்ந்த விதம் அப்படி.

பிரான்சில், டன்கிர்க் கடற்கரையிலும் அப்படித்தான் நின்றோம். ஜெர்மன்காரன் துரத்தித் துரத்தி எங்களைக் கடல்வரை தள்ளிவிட்டிருந்தான். படகுக்காக மணலில் தொடங்கிய வரிசை, தண்ணீருக்குள் நெஞ்சளவு ஆழம்வரை நீண்டது. விமானம் வந்து சுட்டால் முங்கி எழுந்து அதே இடத்தில் நிற்போம். ஒருவன் செத்தால் பின்னால் இருப்பவன் ஓர் அடி முன்னால் வருவான். பிரெஞ்சுக்காரர்கள் எங்களைப் பைத்தியம் என்றார்கள். சொல்லிவிட்டுப் போகட்டும்.

எனக்கு முன்னால் நின்றவன் டின்டால். பத்தொன்பது வயது, என் தெருக்காரன். இரண்டு நாளாக அவன் முதுகைப் பார்த்துக்கொண்டே நின்றேன். கரையில் அடிபட்டுக் கிடந்த ஒருவன் தண்ணீர் கேட்டுக் கத்தினான். டின்டாலுக்குத்தான் இளகின மனசாயிற்றே.

“ஆஸ்க்யூ, என் இடத்தப் பாத்துக்கடா. அவனுக்கு ஒரு வாய் தண்ணி குடுத்துட்டு ஓடியாந்துடறேன்.”

“போய்ட்டு வாடா, மகராசா” என்றேன்.

அவன் போன கொஞ்ச நேரத்தில் ஒரு மீன்பிடிப் படகு வந்தது. “எட்டே எட்டு பேரு. மேல ஒருத்தன் ஏறினாலும் கவுந்துடும்” என்றார் படகுக்காரக் கிழவர். எண்ணிப் பார்த்தேன். டின்டால் எட்டாவது. நான் ஒன்பதாவது.

ஏழு பேர் ஏறியபோது அவன் மூச்சிரைக்க வந்து படகின் விளிம்பைப் பிடித்தான்.

“தள்ளுடா, என் இடம்.”

“வரிசைய விட்டவன் கடைசிக்குப் போகணும். தெரியாதா உனக்கு?”

“டேய், நீதானடா போய்ட்டு வான்னே?” விளையாடுகிறேன் என்று நினைத்துச் சிரித்தான்.

துப்பாக்கிக் கட்டையால் அவன் விரல்களில் அடித்தேன். விடவில்லை. தலையைப் பிடித்துத் தண்ணீருக்குள் அமுக்கினேன். ரொம்ப நேரம் உதைக்கவில்லை, முதுகுப் பை கனம். பின்னால் நின்றவர்கள் ஓர் அடி முன்னால் வந்தார்கள். எட்டாவதாக நான் ஏறினேன்.

மகன் எப்படிச் செத்தான் என்று அவன் தாய் கடிதம் எழுதிக் கேட்கிறாளாம். நான்தான் கொன்றேன் என்று எழுதுங்கள். தூக்கில் போடுவதானாலும் போடுங்கள், எனக்கு வருத்தமில்லை. ஆனால் வரிசையை விட்டது அவன்தான், அதையும் சேர்த்து எழுதுங்கள். நான் வாக்குத் தவறவில்லை. இடத்தைப் பார்த்துக்கொள்ளச் சொன்னான். இங்கிலாந்தில் டோவர் துறைமுகம் வந்து சேரும்வரை அதில் வேறு யாரையும் உட்காரவிடவில்லை.