லாசரஸ் தூக்கிய பெட்டி

இந்த விசாரணை அறையில் ஏர்கான் கொஞ்சம் அதிகம், மிஸ்டர் அர்ஃபான். உங்களுக்குக் குளிர்ந்தால் குறைத்துக்கொள்ளுங்கள். வெடிமருந்து ஆராய்ச்சிக்கூடத்திலேயே முடி நரைத்தவன் நான். குளிர் என்னை ஒன்றும் செய்யாது.

என் வேலை வெடிக்க வைப்பது என்று எல்லோரும் நினைக்கிறார்கள். வெடிக்காமல் பார்த்துக்கொள்வதுதான் என் வேலை. கீழே விழுந்தாலும் தீயில் கிடந்தாலும், நாம் சொல்லும்வரை சும்மா இருக்கிற ஒரு மருந்து. அதைச் செய்து முடிக்க என் ஆயுளில் பாதி போயிற்று. சிங்கப்பூர் ராணுவம் அதை ஏற்றுக்கொண்ட ஞாயிறன்று, பாசிர் ரிஸ்ஸில் எங்கள் பங்குக் கோயிலில் என் பெயரைச் சொல்லி ஜெபித்தார்கள்.

வைஷாலி என்கீழ் வேலை செய்த விஞ்ஞானி. கெட்டிக்காரப் பெண். கிடங்கிலிருந்த அந்த மருந்தின் பழைய சரக்கைச் சோதித்துவிட்டு என் அறைக்கு வந்தாள்.

"சார், நம்ம ஊரு சூட்டுல இருந்து இருந்து மருந்து மாறிடுச்சு. லேசா இடிச்சாலே வெடிச்சிரும். யாரும் தொடக்கூடாதுன்னு சொல்லிடுங்க சார்."

"நான் பாத்துக்கறேன்மா," என்றேன்.

சொன்னால் எல்லாவற்றையும் அழித்துவிடுவார்கள். ஒரே ஒரு சோதனையை நம்பி அப்படிச் செய்வது அறிவியல் ஆகாது. இன்னொரு சோதனை தேவைப்பட்டது.

லாசரஸ் எங்கள் டெக்னீஷியன், என் மகளுக்கு ஞானத்தகப்பன். பழைய பெட்டி ஒன்றை வெளியே எடுத்துவரச் சொன்னேன்.

"காலையில வீட்டுல சண்டை, ஜெரார்ட். சாப்பிடாமயே வந்துட்டேன்," என்றார் கையுறையை மாட்டிக்கொண்டே. பிறகு பெட்டியைப் பார்த்தார். "இது ஓகேதானே லா?"

"ஓகே," என்றேன்.

சவப்பெட்டியைத் திறக்கவில்லை. அடக்கத்தின்போது அவர் மனைவி அந்தோனியம்மாள் என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"அவரு ரொம்பக் கவனமா இருப்பாரே, அண்ணே. எப்படி ஆச்சு?"

"சாப்பிடாம வந்திருந்தாரும்மா. ஏதோ யோசனை. கை தவறிடுச்சு."

சண்டையைப் பற்றி நான் வாயே திறக்கவில்லை. அவராகவே புரிந்துகொண்டார்.

அப்போது விபத்தை விசாரித்த குழுவிடமும் அதையே சொன்னேன். வைஷாலி என்னை எச்சரிக்கவே இல்லை என்றும் சொன்னேன். அவளுக்கு வேலை போயிற்று. மருந்தில் குறையில்லை என்று முடிவாயிற்று. மற்றப் பெட்டிகள் இன்னும் கிடங்கில்தான் இருக்கின்றன. அவள் உங்களைத் தேடி வந்தது நியாயம்தான்.

அந்தோனியம்மாள் தேக்காவில் வைத்திருந்த தையல் கடையை மூடிவிட்டார். பூசையில் நன்மை அப்பம் வாங்குவதையும் நிறுத்திவிட்டார். பூசை முடிந்ததும் நான் சாப்பாடு வாங்கிக்கொண்டு போவேன்.

"நான்தாண்ணே அவரைக் கொன்னுட்டேன்," என்பார்.

"அப்படியெல்லாம் பேசக்கூடாதும்மா," என்று தேற்றுவேன்.

இப்போது அந்தப் பேச்சும் நின்றுவிட்டது. சுவரையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார். போய் உண்மையைச் சொன்னாலும் இனி அவருக்கு எட்டாது.

ஆமாம், நான் தெரிந்தேதான் லாசரஸை அனுப்பினேன் என்று வைஷாலி சொல்கிறாள். அதை மட்டும் திருத்திக்கொள்ளுங்கள். அவள் சொன்னதை நான் நம்பவே இல்லை. நம்பியிருந்தால் லாசரஸை அனுப்பியிருப்பேனா? அவர் பெட்டியைத் தூக்கக் குனிந்தபோது நான் கான்கிரீட் தடுப்புக்குப் பின்னால் போய்ப் படுத்துக்கொண்டது, தொழில் பழக்கம், அவ்வளவுதான்.