பெரியவர் போயிட்டாருங்க

ஞாயிற்றுக்கிழமையானால் எங்கள் வீட்டில் ஆட்டுக்கறி. எடுத்து வருவது என் பொறுப்பு. நெஞ்செலும்பு கொஞ்சம், தொடைக்கறி கொஞ்சம் என்று பக்கத்தில் நின்று வெட்டச் சொல்லி வாங்குவேன். கறி வேகிற வாசனை வரும்போது யாருக்கும் கெடுதல் நினைக்க எனக்கு மனம் வராது. அன்றைக்கும் கறி அடுப்பில்தான் இருந்தது என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

நடந்ததை நடந்தபடி எழுதிக் கொடுக்கச் சொல்லி மைத்துனர் சுரேந்தர் ஆள் அனுப்பியிருக்கிறார். வெள்ளிக்கிழமை சேவூரில் மாமனார் தோட்டத்து வீட்டில் சொந்தபந்தங்கள் கூடும்போது இதைச் சத்தமாகப் படிக்கப் போகிறார்களாம். படிக்கட்டும். என் பெயர் தரணீதரன். திருப்பூரில் ஒரு பனியன் கம்பெனியில் புரொடக்‌ஷன் மேனேஜர். பதினேழு வருட சர்வீஸில் என் கையால் ஒரு ஷிப்மென்ட்கூடத் தாமதமானதில்லை. நான் குரல் உயர்த்திப் பேசி யாரும் கேட்டதும் இல்லை.

வெள்ளிக்கிழமை உட்காரப் போகிற பெரியவர்களுக்கு இந்த விளையாட்டு தெரிந்திருக்காது. செல்போனில் ஆடுவது. ஆளுக்கொரு கோட்டை. நூறு பேர் சேர்ந்தால் ஒரு கூட்டணி. எல்லாக் கோட்டைகளுக்கும் நடுவில் ஒரு சிம்மாசனம். ஞாயிறு காலை பதினொன்றுக்குப் போர் ஆரம்பிக்கும். ஒரு மணிக்கு மணி அடிக்கும்போது சிம்மாசனம் எந்தக் கூட்டணி கையில் இருக்கிறதோ, அதன் தலைவர் ஒரு வாரத்துக்கு ராஜா. அவர் பெயருக்கு மேலே ஒரு சின்னக் கிரீடம் தெரியும். வேறொன்றும் கிடைக்காது. அதற்குப் போயா என்று கேட்பவர்கள் கேட்கலாம். அவர்கள் அந்தக் கிரீடத்தைப் பார்த்ததில்லை.

என் கூட்டணியின் பெயர் நொய்யல் சேனை. ஒன்றரை வருடத்தில் கட்டினேன். கம்பெனியில் எப்படியோ அப்படியேதான் நடத்தினேன். காலையில் வருகைப் பதிவு. மணிக்கு எத்தனை சிப்பாய் தயாரானது என்று ஆளாளுக்கு ரிப்போர்ட். டெய்லருக்குப் பக்கத்தில் நின்று துணி எடுத்துக் கொடுப்பவரை நாங்கள் கைமடி என்போம். அதேபோல் சண்டைக்குப் போகாமல் அரிசியும் மரமும் அனுப்புகிறவர்களுக்கும் கைமடி என்றே பதவி கொடுத்தேன். லீவு வேண்டுமென்றால் முதல் நாளே சொல்ல வேண்டும். நூறு பேரில் அறுபது பேர் எங்கள் கம்பெனி ஆட்கள். ஓவர்லாக் டெய்லர் சோணைமுத்துதான் என் தளபதி. ஊசியில் நூல் கோத்துக்கொண்டே படை அனுப்புவார். தெற்கத்திக்காரர், தங்கமான மனிதர். ஒடிசாப் பையன்களுக்கு நான் தமிழில் போடுகிற உத்தரவை விளையாட்டே இந்தியில் மாற்றிக் கொடுத்துவிடும். கம்பெனியில்கூட அவ்வளவு தெளிவாக யாரும் என் பேச்சைக் கேட்டதில்லை.

எதிர்க்கூட்டணி பொங்கலூர் வேங்கைகள். தலைவர், மைத்துனர் சுரேந்தர். அவருக்குப் பொங்கலூரில் நிட்டிங் மிஷின்கள் ஓடுகின்றன. அவர் கூட்டணியில் முக்கால்வாசிப் பேர் மாமனார் வழிச் சொந்தம். தொடர்ந்து பதினொரு வாரம் கிரீடம் அவரிடம் இருந்தது. அதை நான் தாங்கிக்கொண்டேன். ஆனால் ஆவணியில் ஒரு கல்யாணப் பந்தியில், என் மனைவி கீர்த்தனா பரிமாறிக்கொண்டிருக்கும்போது, முப்பது பேர் கேட்க அவர் சொன்னார்:

"மச்சான், கோட்டையத்தான் காப்பாத்த முடியல. எலைல இருக்கற லட்டையாச்சும் பத்தரமாப் பாத்துக்குங்க."

பந்தியே சிரித்தது. கீர்த்தனாவும் சிரித்தாள். நானும் சிரித்தேன். எனக்குக் கோபமே வரவில்லை. லட்டைச் சாப்பிட்டு, இலையை மடித்து, கை கழுவிக்கொண்டு வந்து யோசிக்க ஆரம்பித்தேன்.

யோசித்ததில் தெரிந்தது இதுதான். வேங்கைகளை ஆள்பலத்தால் அடிக்க முடியாது. அவர்கள் இரண்டு மணி நேரம் போனைத் தொடாமல் இருந்தால் போதும். நம் ஜனம் எப்போது போனைத் தொடாது? கல்யாணத்தில் தொடும். காது குத்தில் தொடும். கோயிலில் சாமி கும்பிட்டுக்கொண்டே தொடும். எழவு வீட்டில் மட்டும்தான், நாலு பேர் என்ன சொல்வார்கள் என்று, சட்டைப் பையிலேயே வைத்திருக்கும்.

அந்த ஞாயிறு காலை ஒன்பது நாற்பதுக்கு எங்கள் கூட்டணியிலிருந்து ஒரு ஆட்டக்காரர் விலகினார். விளையாட்டில் அவர் பெயர் 'பெரியவர்'. ஒருவர் விலகினால் மற்றவர்களுக்குத் தெரிவிப்பது தலைவரின் கடமை. நானும் வாட்ஸப்பில் தெரிவித்தேன். "பெரியவர் போயிட்டாருங்க" என்று இரண்டே வார்த்தை, பக்கத்தில் ஒரு கும்பிடும் கை. நொய்யல் சேனைக் குழுவுக்குப் போக வேண்டியது, 'நம்ம சொந்தம்' என்கிற குடும்பக் குழுவுக்குப் போய்விட்டது. அந்த இரண்டு வார்த்தையில் எது பொய் என்று யாராவது காட்டட்டும். போனவரைப் போயிட்டார் என்றுதான் சொல்ல முடியும்.

குடும்பத்தில் பெரியவர் என்றால் எல்லோருக்கும் மாமனார் நாச்சிமுத்துதான். எழுபத்தெட்டு வயது. ஞாயிறு தவறாமல் காலையிலேயே மாமியார் ரங்காத்தாளை மொபெட்டில் உட்கார வைத்துக்கொண்டு சந்தைக்குப் போய்விடுவார். திரும்ப ஒரு மணியாகிவிடும். சந்தையில் யாராவது அடித்துவிடுவார்கள் என்று போனை வீட்டிலேயே வைத்துப் பூட்டிவிட்டுப் போவார். மாமியாருக்குத் தனியாகப் போன் கிடையாது. இதெல்லாம் எனக்குத் தெரியுமா என்றால், தெரியும். மாப்பிள்ளைக்கு மாமனாரின் பழக்கவழக்கம் தெரிந்திருப்பது நல்ல விஷயம்தானே.

கீர்த்தனா சமையலறையில் இருந்து போனோடு ஓடி வந்தாள்.

"ஏனுங்க, இதென்னங்க இது? அப்பாவுக்கு என்னங்க ஆச்சு? எப்பங்க தெரியும் உங்களுக்கு?"

"எனக்கும் இப்பத்தான் தெரியும்" என்றேன். அதுவும் உண்மை. ஒன்பது நாற்பதுக்குத்தான் விலகினார்.

அவள் அப்பாவுக்குப் போன் போட்டாள். அடித்துக்கொண்டே இருந்தது. மறுபடி போட்டாள். பிறகு சுவரில் சாய்ந்து அப்படியே உட்கார்ந்துவிட்டாள். அப்போது சொல்லியிருக்கலாம் என்று இன்றைக்கு எல்லோரும் சொல்கிறார்கள். சொன்னால் அடுத்த நிமிடம் அண்ணனுக்குச் சொல்லுவாள். அண்ணன் பாதி வழியில் காரைத் திருப்பிவிடுவார். பொங்கலூரிலிருந்து சேவூருக்கு ஒன்றேகால் மணி நேரம். நான் அவளிடமிருந்து மறைத்தது மொத்தமே மூன்று மணி நேரம்தான். அழுதுகொண்டே எழுந்து போய் அவள் முதலில் செய்த காரியம், கறி அடுப்பை அணைத்தது. முக்கால் வேக்காடு. எனக்கு வருத்தமாக இருந்தது.

வெள்ளைச் சட்டையைத் தேடி, வேட்டியை இஸ்திரி போட்டு, கொஞ்சம் நிதானமாகவே கிளம்பினோம். காரை அவளை ஓட்டச் சொன்னேன். "எனக்குக் கை நடுங்குது கண்ணு, நீயே ஓட்டு" என்றேன். பதினொரு மணிக்குக் கை சும்மா இருக்க முடியாது. படை அனுப்ப வேண்டும். அவள் முந்தானையால் கண்ணைத் துடைத்துத் துடைத்து அவிநாசி வழியாக ஓட்டினாள். நல்ல டிரைவர். ஒரு இடத்திலும் வண்டி ஆடவில்லை.

விளையாட்டில் எல்லோரையும் போருக்கு அழைக்க ஒரு சங்கு ஊதும். சத்தத்தைக் குறைக்க மறந்துவிட்டேன். அவிநாசி தாண்டும்போது என் மடியில் சங்கு ஊதியது.

"ஏனுங்க, அங்க இப்பவே சங்கு ஊதிட்டாங்களா? வீடியோவுல யாராச்சும் அனுப்பீருக்காங்ளா?" என்றாள்.

நான் "ம்" என்றேன். 'ம்' என்பது பொய்யில் சேராது.

ஆனால் சங்கு ஊதி ஒருவரும் வரவில்லை. வேங்கைகள் வராதது நான் போட்ட திட்டம். என் ஆட்களும் வரவில்லை. கம்பெனி ஆட்கள் அறுபது பேரும் ஆன்லைனில் இல்லை என்று காட்டியது. மீதி நாற்பதும் கைமடிகள், சண்டைக்கு வராதவர்கள். சோணைமுத்து போனைத் தொட்டு ஒரு மணி நேரம் ஆகியிருந்தது. ஒன்றரை வருடத்தில் இப்படி நடந்ததில்லை. யாருமில்லாத சிம்மாசனத்தின் முன்னால் நான் ஒருவன் மட்டும் நின்றுகொண்டிருந்தேன். எனக்கு நிஜமாகவே அழுகை வந்தது. கீர்த்தனா அதைப் பார்த்து என் கையைப் பிடித்து, "அழுவாதீங்க" என்றாள்.

தோட்டத்துக்குப் போய்ச் சேர்ந்ததும் விஷயம் விளங்கிவிட்டது. வாசலில் எங்கள் கம்பெனி வேன் நின்றது. கீர்த்தனா கம்பெனிக்கும் போன் செய்து சொல்லியிருக்கிறாள். மேனேஜரின் மாமனார் இறந்துவிட்டார் என்றால் நம்மூரில் ஆட்கள் வராமல் இருப்பார்களா? இதை நான் கணக்கில் எடுக்கவில்லை. பதினேழு வருட சர்வீஸில் என்னுடைய ஒரே திட்டப் பிழை அது. சோணைமுத்து ஆளுயர மாலையோடு வந்து நின்றார்.

"சார், மனசத் தேத்திக்கோங்க. நம்ம ஆளுக அம்புட்டுப் பேரும் வந்துட்டோம். கோட்டை கெடக்குது கழுத, அடுத்த வாரம் பிடிச்சுக்கிடலாம். மனுசன் திரும்ப வருவாரா?"

வீடு பூட்டியிருந்தது. உடம்பு ஆஸ்பத்திரியிலிருந்து வரும் என்று அவர்களாகவே முடிவு செய்திருந்தார்கள். பந்தல் போட்டாயிற்று. நாற்காலி வந்தாயிற்று. சுரேந்தர் சொல்லி ஃப்ரீசர் பாக்ஸும் வந்துவிட்டது, அதன் டிரைவர் ஒவ்வொருவராகப் போய், "பாடி எப்பங்க வரும்?" என்று கேட்டுக்கொண்டிருந்தார். மாமனாரின் தங்கை வேலாத்தாள் நடுவில் உட்கார்ந்து, "என்ற அண்ணா, என்ற சாமி" என்று மாரில் அடித்துக்கொண்டு அழுதார். சுரேந்தர் தூணைப் பிடித்துக்கொண்டு குலுங்கிக் குலுங்கி அழுதார். பந்தியில் லட்டு பற்றிப் பேசிய வாய் அது.

ஒரு மணிக்குப் பத்து நிமிடம் இருக்கும்போது மொபெட் வந்தது. பின்னால் மாமியார், கையில் இரண்டு கோழிகள். பந்தலைப் பார்த்ததும் மாமனார் தூரத்திலேயே வண்டியை நிறுத்தினார். தலைத்துண்டை அவிழ்த்து மரியாதையாகத் தோளில் போட்டுக்கொண்டு நடந்து வந்தார். முதலில் எதிர்ப்பட்டவர் சோணைமுத்து. அவர் மாமனாரைப் பார்த்ததே இல்லை.

"ஆருங்க சாமி போயிட்டது?"

"எங்க மேனேஜர் மாமனாருங்கய்யா. நாச்சிமுத்துன்னு பேரு. ரொம்ப நல்ல மனுசராம்."

மாமனார் தோள்துண்டைச் சரிசெய்துகொண்டார். "அப்படீங்களா" என்றார். பிறகு, "எப்பங்க?" என்றார்.

பின்னால் வந்த மாமியார், "இவரு என்றகூடச் சந்தையிலதானுங்க இருந்தாரு" என்று சொல்லி, சந்தேகத்தோடு அவரை ஒரு தடவை மேலும் கீழும் பார்த்தார். அந்த நேரம் வேலாத்தாள் நிமிர்ந்து பார்த்து வீலென்று அலறினார். கோழிகள் இரண்டும் கையை விட்டுப் பறந்து பந்தலுக்குள் ஓடின.

கீர்த்தனா ஓடிப்போய் அப்பாவின் தோளை, கையை, கன்னத்தைத் தொட்டுத் தொட்டுப் பார்த்தாள். சத்தமே வராமல் அழுதாள். அப்போது நான் போனைப் பார்த்துக்கொண்டிருந்தேன். அது தவறு, ஒத்துக்கொள்கிறேன். எந்த ஊர் என்றே தெரியாத ஒரு மூன்றாவது கூட்டணி, பன்னிரண்டு பேர், வந்து சிம்மாசனத்தில் உட்கார்ந்துவிட்டார்கள். கடைசி முயற்சியாக அழைப்பை அழுத்தினேன். சங்கு ஊதியது. சுரேந்தருக்கு அந்தச் சத்தம் தெரியும். தூணை விட்டுவிட்டு மெதுவாகத் திரும்பினார். கீர்த்தனாவும் திரும்பினாள். அவிநாசியில் கேட்ட அதே சங்கு.

சுரேந்தர் என் சட்டையைப் பிடித்தார். மாமனார்தான் விலக்கிவிட்டார். எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டபின் என்னிடம் ஒரே ஒரு கேள்வி கேட்டார்.

"ஏனுங்க மாப்ள, செயிச்சீங்ளா?"

"இல்லீங்க மாமா."

தலையாட்டினார். ஃப்ரீசர் பாக்ஸ் டிரைவரிடம், "இவ்வளவு தூரம் வந்துட்டீங்க, காப்பி குடிச்சுட்டுப் போங்க" என்றார். என்னைக் காப்பிக்குக் கூப்பிடவில்லை.

அந்தப் பெரியவர் யார், கூட்டிக்கொண்டு வா என்று சுரேந்தர் கேட்கிறார். கூட்டி வர முடியாது. நான்தான் அவர். கீர்த்தனாவின் பழைய போனில் பதினைந்து நாள் முன்பு அந்த ஐடியைத் தொடங்கி, ஆறாவது லெவல் வரை வளர்த்து, விலகுவதற்காகவே கூட்டணியில் சேர்த்தேன். குடும்பக் குழுவுக்குக் கை தவறிப் போகவில்லை. முதல் நாளே அந்தக் குழுவை வாட்ஸப் பட்டியலில் எல்லாவற்றுக்கும் மேலே எடுத்து வைத்திருந்தேன். இன்னொரு ஐடியும் இருக்கிறது. அதற்கு 'அத்தை' என்று பெயர். அடுத்த மாதத்துக்காக. அதை நான் பயன்படுத்தவில்லை என்பதை வெள்ளிக்கிழமை உட்காருகிறவர்கள் கவனிக்க வேண்டும்.

கீர்த்தனா என்னோடுதான் திரும்பி வந்தாள். முக்கால் வேக்காட்டுக் கறியைக் கொட்டி, சட்டியைத் தேய்த்துக் கவிழ்த்து வைத்தாள். மறுநாள் காலை பெட்டியோடு வாசலில் நின்று, "நான் போறேனுங்க" என்றாள். இன்றைக்குப் பத்தொன்பது நாள் ஆகிறது. நான் போன் செய்தால் எடுப்பதில்லை.

கல்யாணமாகிப் பதினாலு வருடத்தில், தெருமுனைக்குப் பால் வாங்கப் போனாலும் "போயிட்டு வர்றேனுங்க" என்றுதான் சொல்லுவாள். அன்றைக்கு மட்டும் அப்படிச் சொல்லவில்லை. சேவூர் பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது. அவசரத்தில் பின்பாதியை விட்டிருப்பாள். வார்த்தையை எப்படி எடுத்துக்கொள்ள வேண்டும் என்று எனக்குத் தெரியாதா? இந்த ஞாயிற்றுக்கும் கறிக்கடையில் எப்போதும்போல் இரண்டு பேருக்கும் சேர்த்து முக்கால் கிலோவே சொல்லி வைத்திருக்கிறேன்.