செத்தவர்களுக்கான கோப்பை

அன்றைய பாலாடைக்கட்டி ரொட்டியில் உப்பு கொஞ்சம் தூக்கல். இந்த ராச்சா மலைக்காரர்கள் கல்யாணத்துக்கும் கருமாதிக்கும் ஒரே அளவில்தான் உப்பு போடுவார்கள். சொன்னால் கோபம் வேறு வரும். மற்றபடி விருந்தில் குறையில்லை, அதிகாரி அவர்களே. குறை உங்கள் அறிக்கையில்தான் இருக்கிறது. கதவுக்காரன் ஜும்பேர் போதையில் கடமை தவறினான் என்று எழுதியிருக்கிறீர்கள். பாவம், அவனுக்கு அவ்வளவு சாமர்த்தியம் கிடையாது. ஒருவர் செய்ததற்கு இன்னொருவர் பெயரைப் போடுவது எனக்குப் பிடிக்காது. அதில் நான் ஏற்கெனவே அடிபட்டவன்.

நமக்குப் பக்கத்திலேயே இன்னொரு பரிமாணம் ஒட்டிக்கொண்டிருக்கிறது என்று இருபத்திரண்டு வருடம் முன்பே எழுதியவன் நான். அப்போது சிரித்தவர்களில் பாதிப் பேர் இன்று அதற்காகவே சம்பளம் வாங்குகிறார்கள். என் எழுத்தை வைத்து அங்கே போகக் கதவைக் கட்டிப் பெயரையும் தட்டிக்கொண்டது என் மாணவன் எல்குஜா. கணக்கில் சுமார்தான், தாடி மட்டும் எடுப்பாக இருக்கும். முதல் தடவை உள்ளே போய் ஒன்பது நிமிடத்தில் திரும்பி வந்தவன் பத்திரிகைக்காரர்களிடம் இப்படிச் சொன்னான்:

"உள்ள ஒண்ணும் இல்லைங்க. ஒரே சாம்பல் நிறம். எங்க வாத்தியார் வந்திருந்தா கொட்டாவி விட்டிருப்பாரு."

எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். இரண்டாவது பயணத்தில் எனக்கு ஓர் இடம் கேட்டேன்.

"இந்த வயசுல உங்களுக்கு எதுக்கு வாத்தியாரே இந்த வம்பு? நாங்க திரும்பி வர்ற அன்னைக்கு விருந்து வைக்கிறோம். நீங்கதான் தமதா. உங்களுக்குத்தான் பேச்சு அருவி மாதிரி வருமே."

தமதா என்றால் மேசைக்குத் தலைவன். யாருக்காகக் குடிப்பது, எப்போது குடிப்பது, அதுவரை எவ்வளவு நேரம் கேட்டுக்கொண்டிருப்பது எல்லாம் அவன் வாக்குப்படிதான். வரி கட்டச் சொன்னால் ஆயிரம் நியாயம் பேசுகிற நம் ஜனங்கள் அவன் முன்னால் மட்டும் பெட்டிப் பாம்பாக அடங்கிவிடுவார்கள். இந்தப் பெருமையை எனக்குப் பிச்சை போட்டுவிட்டு எல்குஜா உள்ளே போனான். கூடவே மருத்துவர் சியாலாவும் போனாள். அவள்மேல் எனக்கு ஒரு வருத்தமும் இல்லை. நல்ல பெண். போன மாதம்கூட எனக்கு ரத்த அழுத்தம் பார்த்து மாத்திரை கொடுத்தாள்.

கதவை இந்தப் பக்கத்திலிருந்துதான் திறக்க முடியும். அவர்கள் வாசலுக்குத் திரும்பி வந்து மணியடிப்பார்கள், ஜும்பேர் போய் நெம்புகோலை இழுப்பான். மணியடிக்கும் நேரத்தில் அவர்கள் முதுகு உருளையில் பதினைந்து நிமிடக் காற்று மிச்சமிருக்கும். விருந்து பக்கத்து அறையில். மேசையிலிருந்து நெம்புகோல் பதினோரு அடி. மேசை போட்ட அன்றே அளந்து பார்த்துவிட்டேன். ஜும்பேரை என் வலது பக்கத்தில் உட்காரவைத்தேன்.

மூன்றரை மணிக்கு வருவதாக ஏற்பாடு. எல்குஜா நேரம் தவறமாட்டான், என்னிடம் ஒழுங்காகக் கற்றுக்கொண்டது அது ஒன்றைத்தான். மூன்று இருபத்தெட்டுக்கு நான் செத்தவர்களுக்கான கோப்பையைத் தூக்கினேன். இருபது பேரும் எழுந்து நின்றார்கள். அந்தக் கோப்பைக்குத் தமதா பேசி முடித்துக் குடிக்கும்வரை ஒருவரும் இடத்தைவிட்டு அசைவதில்லை. அசைந்தால் செத்தவர் முகத்தில் துப்பியது போல.

மணி அடித்தது. விருந்தாளிகள் முதலில் யாருடைய தொலைபேசியோ என்று நினைத்தார்கள்.

"ஐயா, மணி," என்றான் ஜும்பேர் மெல்ல.

"கேக்குதுடா. உங்கப்பாவைப் பத்திச் சொல்லப்போறேன். பாதியில எழுந்து போயிடுவியா நீ?"

அவன் தகப்பன் போன குளிர்காலத்தில் பனிச்சரிவில் செத்தவர். தேன் விற்பார்; அதில் பாதி சர்க்கரைப் பாகு. அந்த ஆளை ஏழு நிமிடத்தில் மகானாக்கினேன். பிறகு தாத்தாவுக்கு வந்தேன்.

"சுருக்கமா முடிங்கய்யா, கால்ல விழறேன்," என்று அழுதான் ஜும்பேர்.

எதிரே நின்ற பேராசிரியர் மால்காஸுக்குப் பொறுக்கவில்லை. "அட, உங்க வம்சத்தைப் பத்தித்தானடா பேசறாரு. சொரணை இருந்தா நில்லுடா!"

நின்றான். நான் கதவைப் பூட்டவில்லை, யார் கையையும் பிடிக்கவில்லை. பரிமாணம் தாண்டப் புறப்பட்ட கூட்டம் இது. இவர்களால் ஒரு மேசையைத் தாண்ட முடியவில்லை.

பேச்சு கொஞ்சம் நீண்டுவிட்டது என்று சொல்லச் சொல்கிறார் என் வக்கீல். அது பொய். தேவையான அளவுதான் பேசினேன். மணி முதலில் இடைவிடாமல் அடித்தது, அப்புறம் விட்டுவிட்டு. ஜும்பேரின் பெரியப்பா போருக்குப் போன இடத்தில் நின்றுபோனது. உறுதிப்படுத்திக்கொள்ள இன்னும் மூன்று நிமிடம் பேசினேன். முடிவில் செத்தவர்களின் பெயர்களை ஒவ்வொன்றாகச் சொல்வது வழக்கம். சொன்னேன். கடைசி இரண்டு பெயர்கள், எல்குஜா, சியாலா.

ஜும்பேர் மட்டும் என்னை நிமிர்ந்து பார்த்தான். மற்றவர்கள் இதை உங்களிடம் சொல்லியிருக்கமாட்டார்கள். அந்தப் பெயர்களைக் கேட்டுக்கொண்டேதான் அத்தனை பேரும் குடித்தார்கள்.