அடுக்க முடியாத தாள்கள்

பெட்டிக்குள் என்ன இருக்கிறது என்று மேலே எழுதி ஒட்டாதவர்களை நான் அவ்வளவாக நம்புவதில்லை. உன் அம்மா ஒட்டவே மாட்டாள்.

நேற்று நீ அவளுடைய பழைய கைப்பேசியைப் பழுது பார்த்து எடுத்துக்கொண்டு வந்து என் மேசைமேல் வைத்தாய். அதில் “அண்ணாகிட்ட 43” என்று ஒரு வரி இருந்தது. இது என்ன மாமா என்று கேட்டாய். நான் டீ ஆறுகிறது, குடி என்றேன். கிளம்பும்போது, வாயால் சொல்ல முடியவில்லை என்றால் எழுதியாவது கொடுங்கள் என்றாய். நியாயமான கோரிக்கைதான். எழுதுகிறேன்.

உனக்கு அந்த விளையாட்டு பிடிக்காது, அதனால் கொஞ்சம் விளக்கிவிடுகிறேன். அது பனி மூடிய ஒரு தீவு. கணினியில் அவரவர் வீட்டிலிருந்தே உள்ளே போகலாம். மரம் வெட்ட வேண்டும், வேட்டையாட வேண்டும், இரும்பு உருக்க வேண்டும், குளிரிலும் பசியிலும் சாகாமல் இருக்க வேண்டும். நாங்கள் நாலு பேர் ஒரே வீட்டில் இருந்தோம். நான், உன் அம்மா, உன் அப்பா, உன் அப்பாவின் நண்பரான பல் டாக்டர். சிகிச்சை தொடங்கிய பிறகு உன் அம்மாவால் மாடிப்படிகூட ஏற முடியவில்லை. தீவில் அவள் ஓடிக்கொண்டே இருப்பாள். எந்த வேலையும் இல்லாமல் சும்மா மலைமேல் ஓடிப்போய்த் திரும்பி வருவாள். அவளுக்காகத்தான் எல்லோரும் சேர்ந்தோம்.

சாமான் அறை என் பொறுப்பு. யாரும் என்னைக் கேட்கவில்லை, தானாக அமைந்தது. லிஃப்ட் கம்பெனியின் உதிரிபாகக் கிடங்கை இருபத்திரண்டு வருடமாகப் பார்த்துக்கொள்கிறவன் நான். எங்கள் கிடங்கில் ஒரு போல்ட்டு கேட்டால் நாற்பது வினாடியில் எடுத்துக் கொடுப்பேன். தீவின் சட்டம் என்னவென்றால், ஒரு வீட்டில் இருபது பெட்டிகளுக்கு மேல் வைக்க முடியாது. ஒரு பெட்டிக்கு இருபத்துநாலு கட்டம். விறகு என்றால் ஒரே கட்டத்தில் நூறு அடுக்கலாம், தோல் என்றால் பத்து. ஒன்றுபோல் இருப்பதை அடுக்கலாம், இல்லாதது தனியாக ஒரு கட்டத்தைப் பிடித்துக்கொள்ளும். எனக்கு இந்தச் சட்டம் பிடித்திருந்தது.

உன் அம்மாவுக்குப் பிடிக்கவில்லை. உடைந்த பானை, பறவை இறகு, வழியில் கிடந்த கொம்பு என்று கண்டதையெல்லாம் கொண்டுவந்து, இறைச்சிப் பெட்டியில் போட்டுவிட்டுப் போவாள். நான் எடுத்து வெளியே எறிவேன். மறுநாள் வேறொன்று இருக்கும். “அண்ணா, நாம இங்க விளையாட வந்திருக்கோம். உங்களுக்கு யாரும் சம்பளம் குடுக்கல” என்று சொல்லிச் சிரிப்பாள். நானும் சிரித்தேன் என்றுதான் நினைக்கிறேன்.

கடைசியாக ஆஸ்பத்திரிக்குப் போவதற்கு இரண்டு மாதம் முன்பு ஒரு மதியம் அவள் என்னைச் சாமான் அறைக்குக் கூப்பிட்டாள். தீவின் சாமான் அறைக்கு. மரப்பட்டையில் தாள் செய்து அதில் எழுதும் வசதி அந்த விளையாட்டில் உண்டு. பதினாலாம் பெட்டி நிறைய அப்படி எழுதிய தாள்கள். பதினைந்தாம் பெட்டியில் இன்னும் பத்தொன்பது. மொத்தம் நாற்பத்து மூன்று. எண்ணியது நான்தான். அவள் அதை அப்படியே குறித்து வைத்துக்கொண்டாள் போலிருக்கிறது.

தான் போன பிறகு மாதம் ஒன்றாக எடுத்து உன் அப்பாவின் கட்டிலுக்குப் பக்கத்துப் பெட்டியில் வைக்கச் சொன்னாள். உனக்கானவற்றில் எப்போது கொடுக்க வேண்டும் என்று மேலேயே எழுதியிருந்தாள். வீட்டில் ஒரு நோட்டில் எழுதி வைத்தால் போதாதா என்று கேட்டேன்.

“நோட்டுல எழுதினா அவர் ஒரே நாள்ல முழுசையும் படிச்சு முடிச்சிடுவார் அண்ணா. அப்புறம் அவருக்கு என்ன மிச்சமிருக்கும்? அளவா எடுத்துக் குடுக்கத் தெரிஞ்ச ஆள் நீங்கதான்.”

நான் ஒப்புக்கொண்டேன். இரண்டு பெட்டிக்கும் பூட்டுப் போட்டேன். பூட்டின் எண் எங்கள் இருவருக்கு மட்டும் தெரியும். பிறகு எனக்கு மட்டும்.

முதல் நாலு மாதமும் சொன்னபடியே செய்தேன். அதை நீ கணக்கில் எடுத்துக்கொள்ள வேண்டும். உன் அப்பா தினமும் வேலைக்குக் கிளம்பும் முன் தீவுக்கு வந்து கட்டில் பக்கத்துப் பெட்டியைத் திறந்து பார்ப்பார். தாள் இருந்தால் படித்துவிட்டு அங்கேயே நின்றுகொண்டிருப்பார். தாள் இல்லாத நாட்களிலும் நிற்பார். விறகு வெட்டமாட்டார், மீன் பிடிக்கமாட்டார். ஒருமுறை அப்படி நின்றே குளிரில் விறைத்துச் செத்துப்போனார். விளையாட்டில் செத்தால் மறுபடி எழுந்துகொள்ளலாம், ஆனால் கையில் இருந்த கோடரி, கம்பளிச் சட்டை எல்லாம் போய்விடும். புதிதாகச் செய்து கொடுத்தவன் நான். “இன்னும் இருக்கா மச்சான்? ஒண்ணே ஒண்ணு மட்டும் முன்னாடியே குடுங்களேன்” என்று ஃபோனில் கேட்பார். இது ஒரு மனிதனுக்கு நல்லதா என்று நானே யோசிக்க ஆரம்பித்தேன். உன் அப்பாவின் நன்மையைப் பற்றி அப்போது யோசித்த ஒரே ஆள் நான்தான் என்பதையும் சொல்லிவைக்கிறேன்.

இதற்கிடையில் குளிர்காலம் நெருங்கியது. டாக்டர் கெட்டிக்கார வேட்டைக்காரர். ஒரே வாரத்தில் இருநூறு தோல் கொண்டுவந்து தரையில் போட்டுவிட்டார். தரையில் கிடப்பது இரண்டு நாளில் மறைந்துவிடும். பதினாலாம் பெட்டி பூட்டியே இருக்கிறதே, அதில் என்ன சார் என்று கேட்டார். நான் பழைய தாள் என்றேன். சொல்லி முடித்த பிறகுதான் அது எவ்வளவு சரியான வார்த்தை என்று தெரிந்தது. அன்றைக்கே சீட்டு எழுதி ஒட்டிவிட்டேன். பழைய தாள்.

படிக்காமல் நான் எதையும் செய்யவில்லை. மிச்சமிருந்த முப்பத்தொன்பதையும் வரிசையாகப் படித்தேன். சிலவற்றில் தகவல் இருந்தது. அலமாரியின் மேல்தட்டில் உனக்குக் குளிர்ச்சட்டை வாங்கி வைத்திருப்பது, தண்ணீர்க் குழாய் ஒழுகினால் யாரைக் கூப்பிடுவது, இந்த மாதிரி. அவற்றை நானே அந்தந்த நேரத்தில் உங்களுக்கு வாய்மொழியாகச் சொல்லிவிட்டேன், ஒன்றுகூட விட்டுப்போகவில்லை. மற்றவை எல்லாம் திரும்பத் திரும்ப ஒரே விஷயம். எட்டுத் தாளில் சாப்பிட்டீங்களா என்று கேட்டிருந்தாள். ஐந்தில் பழைய வாடகை வீட்டின் ஜன்னலைப் பற்றி. விஷயம் ஒன்றாக இருந்தாலும் எழுத்து வேறு வேறாக இருந்ததால் விளையாட்டு அவற்றை அடுக்க விடவில்லை. அதுதான் சிக்கல். எல்லாவற்றிலும் ஒரே வாக்கியத்தை எழுதியிருந்தால் முப்பத்தொன்பதும் ஒரே கட்டத்தில் அடங்கியிருக்கும், இந்தக் கடிதத்துக்கே அவசியம் இருந்திருக்காது.

படம் பிடித்து வைத்திருக்கலாமே என்று கேட்பாய். முடியும். பத்து நிமிட வேலை. ஆனால் ஒரு பொருளை வெளியேற்றும்போது அதற்குப் பிரதி எடுத்து வேறொரு இடத்தில் வைப்பவன் இடத்தைக் காலி செய்யவில்லை, மாற்றுகிறான். இருபத்திரண்டு வருடத்தில் நான் அப்படி ஒருமுறையும் செய்ததில்லை.

ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை பதினொரு மணி இருக்கும். உன் அத்தை மாடியில் துணி காயப்போட்டுக்கொண்டிருந்தாள். தாள் நல்ல எரிபொருள், மூன்று தாளுக்கு ஒரு இரும்புக் கட்டி உருகும். தூக்கி எறிந்திருந்தால் வீண். அதனால் உலையில் போட்டேன். எழுதிய தாள் என்பதால் ஒவ்வொன்றுக்கும் ‘எரிக்கவா’ என்று கேட்கும், ஒவ்வொரு முறையும் ஆம் என்று அழுத்த வேண்டும். முப்பத்தொன்பது முறை அழுத்தினேன். பதின்மூன்று கட்டி இரும்பு கிடைத்தது. அதில் கதவுக்குக் கீல் செய்தேன், உறுதியான கீல். தோல்கள் பதினாலாம் பெட்டியில் அழகாக அடங்கின.

அடுத்த மாதம் உன் அப்பா கேட்டார். நாலுதான் எழுதினாள் மாப்பிள்ளை என்று சொன்னேன்.

“நாலுதானா?”

“நாலுதான்.”

பிறகு, “அப்ப அதுக்கப்புறம் அவளுக்கு என்கிட்ட பேசப் பிடிக்கல” என்றார். அவள் ஆஸ்பத்திரிக்குப் போவதற்கு முந்தின வாரம் நடந்தது உனக்குத் தெரியும். அவள் ஒரு வாய்கூடச் சாப்பிடமாட்டேன் என்றபோது உன் அப்பா தட்டைத் தள்ளிவிட, அது கீழே விழுந்து உடைந்தது. அதோடு எழுதுவதை நிறுத்திவிட்டாள் என்று அவராகவே முடிவுகட்டிக்கொண்டார். நான் அப்படிச் சொல்லவில்லை. மறுத்தும் சொல்லவில்லை.

பத்தொன்பதாவது தாள் அதைப் பற்றியதுதான். தட்டு உடைந்ததற்கு மறுநாள் எழுதி, பழையதில் ஒன்றை எடுத்துவிட்டு அந்த இடத்தில் வைத்திருக்கிறாள். என் ஞாபகத்தில் இருப்பதை எழுதுகிறேன். “அன்னிக்கு நீங்க தட்டைத் தள்ளினது கோபம் இல்ல, பயம். எனக்கு அப்பவே தெரியும். புதுத் தட்டு வாங்குங்க, நீல பார்டர் போட்டது.” இவ்வளவுதான், பாதிப் பக்கம்கூட இல்லை. நீல பார்டர் போட்ட தட்டு ஒன்றை நானே வாங்கி உன் அப்பாவிடம் கொடுத்தேன். அதை அவர் தொடவே இல்லை. அப்பா ஏன் தட்டில் சாப்பிடாமல் கிண்ணத்திலேயே சாப்பிடுகிறார் என்று நீ என்னிடம் ஒருமுறை கேட்டாய். தெரியாது என்றேன். அந்தச் சமயத்தில் அதுதான் சுருக்கமான பதில்.

பிறகு அவர் தீவுக்கு வருவதை நிறுத்திவிட்டார். வேலைக்குப் போவதையும் குறைத்துக்கொண்டார். கட்டிலைக் கூடத்துக்கு மாற்றிக்கொண்டு, உன்னோடும் பேசாமல், சுவரைப் பார்த்துப் படுத்திருக்கிறார். இந்த மூன்று வருடத்தை அவரோடு கழித்தவள் நீ, நான் உனக்குச் சொல்ல வேண்டியதில்லை. தீவில் அவருடைய கட்டிலையும் பெட்டியையும் எடுத்துவிட்டோம். அந்தக் குளிர்காலம் லேசாகவே இருந்தது. இருநூறு தோலில் பதினொன்றுதான் பயன்பட்டது.

இன்னொன்றையும் நீ யோசிக்க வேண்டும். நான் எரித்துப் பதினோரு மாதம் கழித்து விளையாட்டை நடத்தியவர்கள் அந்தத் தீவையே மூடிவிட்டார்கள். எங்கள் வீடு, பெட்டிகள், கீல் போட்ட கதவு எல்லாம் ஒரே நாளில் போய்விட்டன. தாள்களும் எப்படியும் போயிருக்கும். இதை நான் டாக்டரிடம் சொன்னபோது அவர் என்னை ஒரு மாதிரி பார்த்தார். “மூடறதுக்கு ஒரு மாசம் முன்னாடியே எல்லாருக்கும் சொன்னாங்களே சார், வேணுங்கிறதை எடுத்து வச்சுக்கங்கன்னு” என்றார். அதற்குப் பிறகு அவர் என் ஃபோனை எடுப்பதில்லை. உன்னிடம் அந்தப் பழைய கைப்பேசியைப் பழுது பார்க்கச் சொன்னது அவராகத்தான் இருக்கும். நான் அவர்மேல் வருத்தப்படவில்லை. வேட்டைக்காரர்களுக்குச் சேர்க்கத்தான் தெரியும்.

உனக்கென்று எழுதியிருந்த ஒன்பது தாள்களைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். நீ முதல் வேலைக்குப் போகும் நாளுக்கு என்று ஒன்று இருந்தது, கொஞ்சம் நீளமானது. போன மாதம் நீ வேலைக்குச் சேர்ந்த அன்று நான் ஃபோன் செய்து, செருப்பு வசதியாக இருக்கிறதா பார்த்துக்கொள் என்றேன். நீ சிரித்துக்கொண்டே, என்ன மாமா இதைச் சொல்லவா கூப்பிட்டீங்க என்றாய். ஆமாம், அதைச் சொல்லத்தான் கூப்பிட்டேன். அந்தத் தாளின் சாரம் அது. மீதி எட்டின் சாரமும் என்னிடம் இருக்கிறது, அந்தந்த நேரம் வரும்போது சொல்வேன், நீ என் ஃபோனை எடுத்தால்.

ஆகவே, நீ கேட்டதற்குப் பதில், ஆம். நாற்பத்து மூன்று தாள்கள் என்னிடம் ஒப்படைக்கப்பட்டன. முப்பத்தொன்பதை நான் எரித்தேன். இடம் இல்லாததால் எரித்தேன், வேறு காரணம் எதுவும் இல்லை. உன் அப்பாவுக்கு முப்பது, உனக்கு ஒன்பது. உலையில் போடுவதற்கு முன் எனக்கென்று ஒன்றாவது எழுதியிருக்கிறாளா என்று முதல் தாளிலிருந்து இரண்டு முறை தேடிப் பார்த்தேன், மூன்றாவது முறையும் பார்த்தேன். அது வெறும் சரக்குச் சரிபார்ப்புதான்.